காலக் கம்மியர்

பொழுதை அளப்போரைத் தமிழிலக்கியம் நெடுங்காலமாக அறியும். வேந்தனின் பாசறையில் நாழிகை வட்டிலைப் பார்த்திருந்து பொழுதறிவிக்கும் மாந்தரை முல்லைப்பாட்டில் காண்கிறோம். ஆயின் அளப்பது வேறு. பொன்னைப் போலவும் மரத்தைப் போலவும் காலத்தையே மூலப்பொருளாகக் கொண்டு தொழில் புரிவது வேறு. அத்தகைய கற்பனைக் கம்மியர் ஐரோப்பியப் புனைகதைகள் சிலவற்றில் வருகின்றனர். அவற்றுள் இரண்டைப் பற்றி இங்கு எழுத விழைகிறேன்.

முதலாவது, பிரெஞ்சு எழுத்தாளர் ஜூல்ஸ் வெர்ன் 1854-இல் வெளியிட்ட கதை. ஜெனீவா நகரத்துக் கடிகாரக் கலைஞர் சக்காரியுஸ், தாம் இயற்றிய கடிகாரங்களில் தம் உயிரே குடிகொண்டிருப்பதாக நம்புகிறார். காலத்தை ஆள்பவன் தானே என்று செருக்குறுகிறார். கடிகாரங்கள் ஒவ்வொன்றாக நின்றுபோகின்றன. ஓடிக்கொண்டிருக்கும் கடைசிக் கடிகாரத்திற்காக மகளையே விலையாகக் கொடுக்கவும் துணிகிறார். செருக்குக்குத் தண்டனை என்னும் பழைய அச்சில் வார்த்த கதை. நின்று ஆராய அதில் மிகுதியில்லை.

நம் கவனத்திற்குரியது இரண்டாவதே. ஜெர்மானிய எழுத்தாளர் மைக்கேல் எண்டே 1973-இல் வெளியிட்ட ‘மோமோ’, மறு ஆண்டே ஜெர்மானிய இளையோர் இலக்கியப் பரிசைப் பெற்றது. என் மகளுக்கென நூலகத்திலிருந்து எடுத்துவந்த ஆங்கில மொழிபெயர்ப்பை அவளுக்கு முன்னரே நான் படித்து முடித்தேன். சிறுவர் நூல் என்று பெயர். நாற்பதைக் கடந்தவரைத்தான் அது உறங்கவிடாது.

பாழடைந்த அரங்கம் ஒன்றில் தனித்து வாழும் சிறுமி மோமோ. பிறர் பேசுவதைப் பொறுமையாகக் கேட்பதொன்றே அவள் கற்ற கலை. எண்ணற்ற கடிகாரங்கள் நிறைந்த மாளிகையில் இருக்கும் முதியவர் ஓரா, மாந்தர் ஒவ்வொருவருக்கும் உரிய காலத்தைப் பகிர்ந்தளிக்கிறார். காலத்தைச் செய்பவர் அவர்தாமா என்று சிறுமி கேட்க, தாம் வெறும் நிர்வாகி என்று விடையளிக்கிறார். ஒதுக்கீட்டுக் கோப்புகளோடு இருபதாண்டு உழன்ற எனக்கு அவ்விடத்தில் முதியவர் மீது தனி அன்பு பிறந்ததை மறைப்பானேன்? காலம் மலர்வது அவர் பட்டறையில் அன்று, மோமோவின் நெஞ்சுக்குள். ஒரு மலர் விரிந்து வாடியதும் அதனினும் அழகியதாய் மற்றொன்று விரிகிறது.

அப்படியாயின் இந்நாவலில் காலத்தைக் கையால் தொட்டுத் தொழில் செய்பவர் யார்? சாம்பல் நிற மனிதர்களே! மக்களிடம் ‘சேமிப்பு’ என்று சொல்லிக் கவர்ந்த அம்மலர்களின் இதழ்களை உலர்த்திச் சுருட்டாகச் சுருட்டிப் புகைத்தே அவர்கள் உயிர்வாழ்கின்றனர். காலத்தைப் பண்டமாகக் கருதியவுடன் அது பிணமாகிறது என்பதை இதைவிடக் கூர்மையாகச் சொன்ன கற்பனை எதையும் நான் படித்ததில்லை. இந்நூலின் உயிர்நிலை ஓராவின் மாளிகையில் இல்லை, இச்சுருட்டில்தான் இருக்கிறது.

முடிதிருத்தும் ஃபூசியிடம் அவர்களுள் ஒருவன் போடும் கணக்கைப் பாருங்கள். எழுபது ஆண்டு வாழ்வுக்கு 220,75,20,000 வினாடிகள். ஃபூசிக்கு வயது நாற்பத்திரண்டு, செலவழிந்தவை 132,45,12,000. உறக்கம், தொழில், உணவு என ஒவ்வொன்றாகக் கழித்து, இருப்பு சுழியம் என்று காட்டுகிறான். (லீப் ஆண்டின் மிகைநாட்களை அவன் விட்டுவிட்டான். எழுபதாண்டில் குறைந்தது பதினேழு நாட்கள்! எங்கள் தணிக்கைப் பிரிவு இதை ஏற்காது.) அப்பட்டியலில் ஓர் இனம்: காது கேளாத முதிய தாயின் அருகிலிருந்து பேசிய வகையில், நாளொன்றுக்கு ஒரு மணி வீதம், 5,51,88,000 வினாடிகள். வீண்செலவுத் தலைப்பில் அது வருகிறது. ஃபூசி கணக்கை ஒப்புக்கொள்கிறான். தாய் செலவு குறைந்த முதியோர் இல்லத்துக்குப் போகிறாள். நடக்க இயலாத தாரியா என்னும் பெண்ணுக்கு நாள்தோறும் மலர் கொண்டுசென்றவன், இனி வர நேரமில்லை என்று கடிதம் எழுதிவிடுகிறான்.

தலைநகரில் குடியேறிய நம் போன்றோர் இப்பக்கத்தை வேகமாகப் புரட்டிவிட முடியாது. பயண விடுப்புச் சலுகையைப் பணமாக்குவதா, ஊருக்குப் போவதா என்று கணக்குப் பார்க்காத வீடு நம்மில் எது?

நூலில் எனக்கு மனநிறைவு தராதவையும் உண்டு. ஃபூசி சொந்தக் கடைக்காரன்; கத்தரியைக் கீழே வைத்துவிட்டு அரட்டையடிக்க அவனால் இயலும். பிறரிடம் நேரத்தை விற்றுக் கூலி பெறுவோன் என்ன செய்வான்? கொத்தனார் நிக்கோலாவிடம் எண்டே இவ்வினாவைத் தொடுகிறார். கலவையில் மணலைக் கூட்டிக் கட்டும் வீடுகளை எண்ணி நாணி, அவன் குடிக்கத் தொடங்குகிறான். சில பக்கங்களில் அதை விட்டுவிடுகிறார். அது தனி நாவலுக்குரிய பொருள். முடிவும் அவசரமானது. ஒரே மலரோடு மோமோ போய்ப் போராட, கள்வர் மறைகின்றனர். களவுபோன காலமெல்லாம் உரியவர்களிடம் திரும்பிவிடுகிறது. நகரத்தார் வீதியில் நின்று பேசுகின்றனர், குழந்தைகள் ஆடுகின்றனர், அரங்கில் விழா நடக்கிறது.

அக்கடைசிப் பக்கங்களை நான் இருமுறை திருப்பிப் பார்த்தேன். ஃபூசி தன் தாயைத் திரும்ப அழைத்துவந்தானா என்று அறியத்தான். அச்செய்தி என் கண்ணில் படவில்லை.