சுழலாத பந்து

2003 நவம்பர் 5, மியூனிக் ஒலிம்பிக் மைதானம். சாம்பியன்ஸ் லீக் ஆட்டம் தொடங்கி ஆறு நிமிடம்கூட முழுதாக ஆகவில்லை. பேயர்ன் மியூனிக்கின் கோலிலிருந்து ஏறத்தாழ முப்பது மீட்டர் தள்ளி, பிரான்சின் லியோன் அணிக்கு ஒரு ஃப்ரீ கிக் கிடைக்கிறது. கம்பங்களுக்கு நடுவே நிற்பவர் ஆலிவர் கான். முந்தைய ஆண்டு உலகக் கோப்பையில் சிறந்த ஆட்டக்காரருக்கான தங்கப் பந்து விருது பெற்றவர். கோல்கீப்பர் ஒருவருக்கு அந்த விருது கிடைத்தது அந்த ஒருமுறைதான். முப்பது மீட்டரிலிருந்து வரும் பந்து அவரை அச்சுறுத்தக் கூடாது.

லியோனின் பிரேசில்காரர் ஜூனின்யோ பெர்னாம்புகானோ ஓடி வந்து அடிக்கிறார். பந்து சுவரைத் தாண்டுகிறது. கான் நகரத் தொடங்கிய பிறகு, எந்தக் காரணமும் கண்ணில் படாமல், அது தன் பாதையை மாற்றிக்கொள்கிறது. திரும்பிப் பாய்ந்த கான் கம்பத்தில் மோதி விழ, பந்து மேல் மூலையில் வலைக்குள் கிடக்கிறது. பேயர்ன் சமன் செய்தபின் லியோனுக்கு வெற்றிக் கோலை அடித்தவர் ஜியோவானி எல்பர். அவரும் பிரேசில்காரர், சில மாதங்களுக்கு முன்புவரை அதே மைதானத்தில் பேயர்னுக்காக ஆடியவர். அது தனிக் கதை. நான் திரும்பத் திரும்பப் பார்ப்பது அந்த ஃப்ரீ கிக்கைத்தான்.

அதன் முதல் அழகு, பந்து சுழலவில்லை என்பது. காலின் உட்புறத்தால் வளைத்து அடிக்கும் வழக்கமான ஃப்ரீ கிக்கில் பந்து தன்னைத்தானே சுற்றிக்கொண்டு ஒரே திசையில் சீராக வளையும். அனுபவமுள்ள கீப்பர் அந்தச் சுழற்சியைப் பார்த்தே அது எங்கே வந்து சேரும் என்று கணித்துவிடுவார். ஜூனின்யோவின் பந்தில் கணிக்க எதுவும் இருக்காது. காற்றில் போகும்போதும் அதன் மேலுள்ள வண்ணக் கோலங்கள் கலங்காமல் அப்படியே தெரியும். சுழலாத பந்தின் பின்னால் காற்று ஒரே சீராக விலகுவதில்லை. ஒரு கணம் இந்தப் பக்கம், மறுகணம் அந்தப் பக்கம் என்று சின்னச் சின்னத் தள்ளல்கள். வேகம் ஓர் அளவுக்குக் கீழே குறைந்ததும் காற்றின் தடை சட்டென்று கூடுகிறது. பந்து எதிர்பாராத இடத்தில் சரிகிறது. மணிக்கு 100 கிலோமீட்டர் வேகத்தில் அடித்த பந்து முப்பது மீட்டரைக் கடக்க ஒரு விநாடிக்குச் சற்றே கூடுதலாகத்தான் ஆகும். இவ்வளவும் அதற்குள் நடந்துவிடுகிறது.

இதைச் செய்யப் பெரிய பலம் தேவை என்று நினைப்போம். அவர் காலைப் பாருங்கள். பாதம் நேராக, விறைப்பாக இருக்கிறது. தொடுவது பந்தின் நடுப்பகுதியை. தொட்டவுடன், கேரம் காயைச் சுண்டிய விரல் நின்றுவிடுவதுபோல, கால் தன் வீச்சைச் சட்டென்று சுருக்கிக்கொள்கிறது. அந்தச் சுருக்கத்தில்தான் கலை இருக்கிறது என்பேன். கால் கொஞ்சம் நீண்டு பந்தை வருடினாலும் சுழற்சி ஏறிவிடும். வேகத்தை முழுதாகக் கொடுத்துவிட்டுச் சுழற்சியைத் துளிகூடக் கொடுக்காமலிருக்க எத்தனை கட்டுப்பாடு வேண்டும்! இத்தாலியின் ஆந்த்ரேயா பிர்லோ இந்த ரகசியத்தைப் பிடிக்க ஜூனின்யோவின் காணொளிகளையும் படங்களையும் சேகரித்து ஆராய்ந்ததாகத் தன் சுயசரிதையில் எழுதியிருக்கிறார். பந்தைத் தொடுவது முழுப் பாதமல்ல, மூன்று விரல்கள்தான் என்பது அவர் கண்டடைந்த விடை. பிர்லோ சாதாரணக் கால்காரர் அல்ல. அப்படிப்பட்டவரே மாணவராகி உட்கார்ந்தார் என்பதைவிடப் பெரிய பாராட்டு எனக்குத் தெரியவில்லை.

பிரேசிலில் இந்தக் கலைக்கு ஒரு பரம்பரை உண்டு. உயரப் போய்த் திடீரென்று விழும் ஃப்ரீ கிக்கை 1950களிலேயே அடித்துக்காட்டியவர் டிடி. 'உலர்ந்த இலை' என்று அதற்குப் பெயர். 1957இல் மரக்கானா மைதானத்தில் பெருவுக்கு எதிராக அவர் அப்படி அடித்த கோல்தான் பிரேசிலை 1958 உலகக் கோப்பைக்கு அனுப்பியது. அந்த வரிசையில் வந்தவர் ஜூனின்யோ. 1975இல் ரெசிஃபேயில் பிறந்தார். அந்த நகரம் இருக்கும் பெர்னாம்புகோ மாநிலம்தான் அவர் பெயரோடு ஒட்டிக்கொண்டிருக்கிறது. ஊரின் ஸ்போர்ட் அணியில் தொடங்கி, 1995இல் ரியோவின் வாஸ்கோ ட காமாவுக்குப் போனார். 1998இல் தென் அமெரிக்கக் கிளப்புகளுக்கான லிபர்டடோரெஸ் கோப்பை அரையிறுதியில் புவெனஸ் ஐரெஸ் வரை போய், ரிவர் பிளேட் அணியின் சொந்த மைதானத்திலேயே ஆட்டத்தின் கடைசிப் பகுதியில் ஒரு ஃப்ரீ கிக் கோல் அடித்தார். வாஸ்கோ ரசிகர்கள் அதற்கென்றே பாட்டுக் கட்டினார்கள்.

2001இல் லியோன். அதுவரை பிரெஞ்சு லீக்கை ஒருமுறைகூட வெல்லாத கிளப். அவர் ஆடிய முதல் பருவத்தின் கடைசி நாளில், 2002 மே மாதம், பட்டியலில் முன்னால் இருந்த லான்ஸ் அணியை 3–1 என்று தோற்கடித்து லியோன் முதல் பட்டத்தை எடுத்தது. அதையும் சேர்த்து 2008 வரை தொடர்ந்து ஏழு பட்டங்கள். பயிற்சியாளர்கள் மாறினார்கள், எசியன், டியாரா என்று நடுக்களத் துணைகள் வந்தார்கள், பெரிய கிளப்புகளுக்குப் போனார்கள், ஜூனின்யோ இருந்தார். எட்டுப் பருவங்கள், 344 ஆட்டங்கள், 100 கோல்கள். அவற்றில் 44 ஃப்ரீ கிக்கிலிருந்து. நூறாவது கோல் 2009 மே மாதம், கேன் அணிக்கு எதிரான ஆட்டத்தில் பெனால்டியில் வந்தது. அத்துடன் லியோனுக்கு விடை சொல்லிவிட்டு கத்தார், வாஸ்கோ, நியூயார்க், மறுபடி வாஸ்கோ என்று அவர் ஆட்டம் முடிந்தது.

44 என்ற எண் சொல்லாத ஒன்று உண்டு. அவரிடம் இருந்தது ஒரே ஒரு வித்தை அல்ல. கோலுக்கு அருகில் என்றால் மற்றவர்களைப்போலச் சுவருக்கு மேலே வளைத்து மூலையில் இறக்குவார். முப்பது மீட்டருக்கு அப்பால் சுழலாத பந்து. 2006இல் அஜாக்ஸியோவுக்கு எதிராக ஏறத்தாழ 40 மீட்டரிலிருந்து அடித்தாரே, அங்கிருந்து யாரும் கோலைக் குறிவைப்பார்கள் என்று எவரும் நினைக்க மாட்டார்கள். லியோனோடு மோதிய தடுப்பாட்டக்காரர்கள் எப்படித் தயங்கியிருப்பார்கள் என்று எண்ணிப்பாருங்கள். மற்ற அணிக்கு எதிராக ஆபத்தில்லாத இடத்தில் செய்யும் சின்னத் தவறு, இவருக்கு எதிரே பாதி கோல் ஆகிவிடும்.

பிரேசில் சட்டையில் அவருக்கு இவ்வளவு இடம் கிடைக்கவில்லை. ரொனால்டினோ, காக்கா காலத்தில் பிறந்துவிட்டார். ஆனாலும் 2006 உலகக் கோப்பையில் டார்ட்மண்டில் ஜப்பானுக்கு எதிராக அடித்த கோல் அவருடைய கையெழுத்து. ஓடும் ஆட்டத்தில், வெகுதூரத்திலிருந்து, ஃப்ரீ கிக் அடிக்கும் அதே காலால் அடித்தது. கீப்பர் கவாகுச்சியின் கைகளுக்கு முன்னே பந்து தடம் புரண்டது. எதிரணியின் பயிற்சியாளராக அன்று நின்றவர் ஜிகோ, அவரே ஃப்ரீ கிக்கில் மாமேதை. அந்தக் கோலின் நுட்பத்தை மைதானத்தில் அவரைவிடத் தெளிவாகப் புரிந்துகொண்டவர் இருந்திருக்க முடியாது. காலிறுதியில் பிரான்சிடம் பிரேசில் தோற்றபோது ஜூனின்யோ களத்தில் இருந்தார். அன்றைய ஒரே கோலும் ஃப்ரீ கிக்கிலிருந்தே பிறந்தது: ஜிதான் தூக்கிக் கொடுக்க, ஹென்றி அடித்தார். பிரேசிலுக்கு அவர் ஆடிய கடைசி ஆட்டம் அது.

எல்லாவற்றிலும் எனக்கு மிகப் பிடித்தது, அதிகம் பேசப்படாத வகை: ஓரத்திலிருந்து, கோலை நேராகப் பார்க்க முடியாத கோணத்திலிருந்து அடிப்பது. பெனால்டி பகுதியில் நிற்கும் யாராவது தலையால் தொடலாம் என்ற உயரத்தில் பந்து வரும். கீப்பர் காத்திருந்தே ஆக வேண்டும். யாராவது தொட்டால் திசை மாறும். முன்கூட்டியே பாய்ந்தால் ஏமாந்துபோவார். யாரும் தொடவில்லை என்று தெரியும்போது நேரம் கடந்திருக்கும். கீப்பரின் விவேகத்தையே அவருக்கு எதிராகத் திருப்பும் பந்து இது. 2009 பிப்ரவரி 24, லியோனின் ஜெர்லான் மைதானம். எதிரே பார்சிலோனா, அந்தப் பருவத்தில் மூன்று பெரிய பட்டங்களையும் அள்ளிய அணி. ஏழாவது நிமிடத்தில், இடது ஓரக் கோட்டுக்குப் பக்கத்திலிருந்து ஒரு ஃப்ரீ கிக். எல்லோரும் நடுவே தூக்கிப் போடுவார் என்று நிற்கிறார்கள். பந்து அத்தனை தலைகளையும் கடந்து, கீப்பர் வால்டெஸையும் கடந்து, தூரக் கம்பத்தோரம் உள்ளே இறங்குகிறது. அப்போது ஜூனின்யோவுக்கு வயது 34. அப்போது பார்சிலோனாவுக்கு ஆடிய ஹென்றி பின்னர் சமன் செய்தார். மறு ஆட்டத்தில் பார்சிலோனா 5–2 என்று வென்றது, அதிலும் லியோனின் இரண்டாவது கோல் ஜூனின்யோவுடையது. அந்தப் பருவத்தின் பார்சிலோனாவை நினைப்பவர்கள் மெஸ்ஸியையும் ஷாவியையும் இனியெஸ்தாவையும் நினைப்பார்கள், நியாயம்தான். நான் கூடவே வால்டெஸ் காத்திருந்த அந்த அரை விநாடியையும் நினைப்பேன்.