இடுப்பில் ஒரு வெடிப்பு

ஆங்கிலேயர் தேநீரோடு சாப்பிடும் பழ ஸ்கோனை எல்லோரும் மேலிருந்து பார்க்கிறார்கள். பொன்னிறம் ஏறியிருக்கிறதா, பளபளப்பு வந்திருக்கிறதா, திராட்சை தாராளமா என்று. எனக்குக் கண் பக்கவாட்டில்தான் போகும். நடு இடுப்பில் கோணல்மாணலாக ஒரு வெடிப்பு தானே ஓடியிருக்க வேண்டும். அது இருந்தால் கத்திக்கு வேலையே இல்லை. இரண்டு கட்டைவிரலால் பிட்டால் பிரிந்துவிடும். அது இல்லாத ஸ்கோன், எவ்வளவு லட்சணமாக இருந்தாலும், இனிப்பு பன்தான்.

இந்த வெடிப்பு கைப்பக்குவத்தில் வருவது. திரட்டிய மாவை ஒரே ஒருமுறை மடித்துத் தட்டினால், மடிப்பு சேரும் இடம் சற்றே பலவீனமாக இருக்கும். அடுப்புச் சூட்டில் மாவு எழும்பும்போது அங்கேதான் பிளக்கும். தட்டிய மாவு 2.5 சென்டிமீட்டர் கனத்துக்குக் குறையக் கூடாது. வட்ட அச்சை உலர்ந்த மாவில் தோய்த்து நேராக ஓர் அழுத்து அழுத்தி எடுத்துவிட வேண்டும். திருகினால் ஓரம் இழுபட்டு ஒட்டிக்கொள்ளும், ஸ்கோன் ஒரு பக்கம் சாயும். முட்டை பூசுவதிலும் நிதானம் வேண்டும். பக்கத்தில் வழிந்த முட்டை வெந்து இறுகி, அந்த இடத்தை எழும்பவிடாமல் பிடித்துக்கொள்ளும்.

அளவில் நான் ஆங்கிலச் சமையல் நூலாசிரியர் மேரி பெர்ரியின் கட்சி. பேக்கிங் பவுடர் கலந்தே வரும் செல்ஃப் ரைசிங் மாவு 450 கிராமுக்கு 75 கிராம் வெண்ணெய், 50 கிராம் சர்க்கரை, 2 முட்டை. பிசைந்த மாவு கையில் லேசாக ஒட்ட வேண்டும் என்பது அவர் பிடிவாதம். அவரோடு ஒரே தொலைக்காட்சி பேக்கிங் போட்டியில் நடுவராக இருந்த பால் ஹாலிவுட், 500 கிராம் ரொட்டி மாவில் 5 தேக்கரண்டி பேக்கிங் பவுடர் போடச் சொல்கிறார். உயரம் பிரமாதமாக வரும், மறுக்கவில்லை. ஆனால் கடிக்கும்போது சற்று இழுக்கிறது. ஸ்கோன் வாயில் உதிர வேண்டும். நம் மைதாவும் பேக்கிங் பவுடரும் அதற்குத் தாராளமாகப் போதும். சென்னை வெயிலில் வெண்ணெய்தான் சோதனை. உறையவைத்து, துருவிப் போட்டு, விரல் நுனியால் மட்டும் உதிர்த்துவிட்டால் தப்பிக்கலாம்.

பழம் என்றால் எனக்கு வெளிர்நிற கிஸ்மிஸ் மட்டும். செர்ரியும் டூட்டி ஃப்ரூட்டியும் கேக்குக்கு இருக்கட்டும். சூடான தேநீரில் அரைமணி ஊறவைத்து, துணியில் ஒற்றி, ஈரம் போனபின் சேர்க்க வேண்டும். மேலே துருத்தி நிற்கும் பழத்தை உள்ளே அழுத்திவிடுங்கள். 220 டிகிரி செல்சியஸ் அடுப்பில் அது கருகிக் கசந்துவிடும்.

இங்கிலாந்தின் டெவனில் ஒரு சின்னத் தேநீர்க் கடையில், பூரிக்கட்டையைத் தொடாமல் உள்ளங்கையாலேயே மாவைத் தட்டிக்கொண்டிருந்த ஒரு மூதாட்டியைப் பார்த்திருக்கிறேன். இரண்டே தட்டு, ஒரு மடிப்பு, மறுபடி ஒரு தட்டு, அவ்வளவுதான். தட்டில் வந்த எல்லா ஸ்கோனுக்கும் இடுப்பு வெடித்திருந்தது, ஒன்றின் வெடிப்பு மற்றதைப் போல இல்லை. இன்று பல கடைகளில் கிடைப்பது, மழமழவென்ற பக்கங்களோடு, மைக்ரோவேவில் சூடேற்றிய கை முஷ்டி அளவு உருண்டை. ஆறினால் ரப்பர். அளவைப் பெரிதாக்கியவர்கள் பதத்தை விட்டுவிட்டார்கள்.

முதலில் கிரீமா, ஜாமா என்று டெவனும் பக்கத்துக் கார்ன்வாலும் ஓயாமல் சண்டை போடுகின்றன. கார்ன்வாலில் ஜாம்தான் முதலில். கிரீம் மேல் ஜாம் வைத்த படம் ஒன்றை விளம்பரத்தில் போட்டதற்காக, 2018-இல் கார்ன்வாலின் லான்ஹைட்ராக் மாளிகைக்காரர்கள் மன்னிப்பே கேட்டார்கள். அந்த வழக்கு சாதா ஸ்கோனுடையது. பழ ஸ்கோனுக்குள் இனிப்பு ஏற்கெனவே இருக்கிறது. மேலே ஜாம் போட்டால் கிஸ்மிஸ் இருந்த இடம் தெரியாது. உப்பு வெண்ணெய் போதும். கத்தி வெட்டிய வழவழப்பில் அது வழுக்கி ஓடிவிடும். கையால் பிட்ட சொரசொரப்பில்தான் உருகி ஊறும். அதனால்தான் அந்த வெடிப்புக்காக இவ்வளவு வாதாடுகிறேன்.