அகத்தியம்: காணாத நூலும் கைவிட்ட ஏடுகளும்

தமிழிலக்கிய வரலாற்றிலே எவரும் காணாத ஒரு நூல், கண்ட நூல்கள் பலவற்றினும் மேலான அதிகாரம் பெற்று விளங்குகின்றது. அகத்தியமே அந்நூல். அது முத்தமிழுக்கும் இலக்கணம் வகுத்ததென்றும், கடல்கோளில் மறைந்ததென்றும் மாணாக்கருக்கு இன்றும் சொல்லப்படுகின்றது. உரையாசிரியர் சிலர் அதன் பெயராற் காட்டும் சில சூத்திரங்களைத் தவிர எமக்குக் கிடைத்தது வேறெதுவுமில்லை. இந்நூல் பற்றிய நம்பிக்கை எவ்வாறு வளர்ந்தது, அது எமக்கு விட்டுச்சென்றது யாது என்பன ஆராயத்தக்கன.

தொல்காப்பியம் அகத்தியரை ஓரிடத்தேனும் குறிப்பிடவில்லை. அதன் சிறப்புப்பாயிரமும் ஐந்திரத்தையும் அதங்கோட்டாசானையும் சொல்கின்றதேயன்றி அகத்தியரைச் சொல்லவில்லை. முச்சங்க வரலாற்றை விரிவாகத் தருவது இறையனார் அகப்பொருளுரையாகும். முதற்சங்கம் 4440 ஆண்டும், இடைச்சங்கம் 3700 ஆண்டும், கடைச்சங்கம் 1850 ஆண்டும் நிலவின என்பது அதன் கூற்று. இம்மூன்று தொகையும் 37 என்னும் எண்ணால் மிச்சமின்றி வகுபடுவன. சங்கமிருந்த புலவர் தொகையோ 549, 59, 49 என ஒன்பதிலேயே முடிகின்றது. உண்மையான வரலாறு இவ்வளவு ஒழுங்காக நடப்பதில்லை. இது கணக்கிட்டுக் கட்டப்பட்ட புனைவு என்பது வெளிப்படை. பின்வந்த நச்சினார்க்கினியரோ குருவுக்கும் சீடருக்கும் இடையே பிணக்கையும் சாபத்தையும் புகுத்திக் கதையை மேலும் வளர்த்தார்.

இப்புனைவை வெறும் பொய்யென ஒதுக்கிவிடுதல் திறனாய்வாகாது. வடமொழி தேவமொழியென்று போற்றப்பட்ட சூழலில், தமிழும் ஒரு முனிவன் வழியே இறைவனிடமிருந்து வந்ததெனக் காட்டவேண்டிய தேவை அக்காலப் புலவர்க்கு இருந்தது. அத்தேவையை நாம் எள்ளவில்லை. ஆனால் மக்கள் பேசிப் பேசி வளர்த்த மொழியின் பெருமை, அவர்கள் கையிலிருந்து பறிக்கப்பட்டு ஒரு முனிவனின் கையிலே கொடுக்கப்பட்டதையும் நாம் மறக்கலாகாது.

இலக்கணத்தில் மறைந்த அகத்தியர் மருத்துவத்திலும் இரசவாதத்திலும் மீண்டும் தோன்றினார். அவர் பெயரால் வழங்கும் சித்தர் நூல்கள் பல. அவற்றின் நடை, சங்கச் செய்யுளோடு ஒட்டாத மிகப் பிற்காலத் தமிழாகும். அவற்றின் பெரும்பகுதி பரிபாஷை எனப்படும் மறைமொழியில் அமைந்தது. இரசம் சிவனுடைய விந்தாகவும் கந்தகம் சத்தியின் நாதமாகவும் அங்கே பேசப்படும். முப்பு என்பது எதுவென்ற வழக்கோ இன்றுவரை தீர்ந்தபாடில்லை. பாடாணங்களை அறியாதார் கையாண்டால் உயிருக்குக் கேடென்பதால், மறைத்துக் கூறியதில் ஒரு நியாயமுண்டு. ஆயினும் அம்மறைப்பு குருவழியினர் சிலரின் தனியுரிமையையும் காத்தது. சொல்லின் பொருள் தெரியாதவிடத்து, மருந்து பலிக்காமற் போனால் நூலைக் கேள்விகேட்பார் இல்லை. படித்தவனுக்கே விளங்கவில்லை என்று முடித்துவிடலாம். சோதனைக்கு உட்படாத அறிவு வளர்வதுமில்லை, திருந்துவதுமில்லை.

அகத்தியம் விட்டுச்சென்ற மரபு இந்த மனப்பான்மையே: சிறந்தது எதுவும் முன்னரே எழுதப்பட்டு மறைந்துபோயிற்று, எஞ்சியது நாம் வணங்குவதற்கே என்பது. இம்மனப்பான்மையின் விலையை வன்னிப் பெருநிலத்து மக்கள் நன்கு அறிவார்கள். விசகடி வைத்தியம், மாட்டுவாகடம், சோதிடம், கோயிற் காவியம் என எத்தனையோ ஏடுகள் இங்கே பரியாரிமார் வீடுகளிலும் கோயில்களிலும் இருந்தன. கடல்கோளுக்கு இரங்கிப் பரணி பாடிய எமது புலமையுலகம், அவற்றைப் பட்டியலிடவும் படியெடுக்கவும் போதிய அக்கறை கொள்ளவில்லை. 1981இல் யாழ்ப்பாணப் பொதுநூலகம் எரிந்தபோது கிடைத்தற்கரிய ஏடுகளும் எரிந்தன. 2008, 2009ஆம் ஆண்டுகளில் கிளிநொச்சியிலிருந்து முள்ளிவாய்க்கால் வரை இடம்பெயர்ந்த சனங்கள் பிள்ளைகளைத் தூக்கினார்களா, ஏட்டுக்கட்டுகளைத் தூக்கினார்களா? அழிந்தவை யாவையென்று சொல்ல ஒரு பட்டியல்தானும் எம்மிடம் இல்லை. இந்த இழப்புக்குக் கடலைக் குற்றஞ்சொல்ல இயலாது.

சிறுப்பிட்டி சி. வை. தாமோதரம்பிள்ளையின் பணி இங்கே நினைக்கத்தக்கது. 1881இல் வீரசோழியத்தையும், 1883இல் இறையனார் அகப்பொருளையும், 1887இல் கலித்தொகையையும் பதிப்பித்தவர் அவர். முச்சங்கக் கதையைச் சொல்லும் உரையும் அவர் கைவழியே அச்சேறியது. அவர் செல்லரித்த ஏடுகளைத் தேடியெடுத்து ஒப்புநோக்கினார். அச்சிட்டு எல்லார் கையிலும் கொடுத்தார். அச்சேறிய நூலைப் படித்தவர்களாற்றான் அக்கதையை ஐயுறவும் முடிந்தது. 2005இல் தொடங்கிய நூலகம் மின்னூலகமும் இன்று அப்பணியின் வழியிலேயே நிற்கின்றது.

நாம் செய்யவேண்டியது தெளிவானது. வன்னியில் எஞ்சியுள்ள ஏடு ஒவ்வொன்றையும், அதனை வாசிக்கத் தெரிந்த முதியவர் உள்ளபோதே, படமெடுத்துப் படியெடுத்தல் வேண்டும். பாடசாலைகளில் அகத்தியத்தை ஒரு கதையாகவே, அக்கதை பிறந்த காரணத்தோடு கற்பித்தல் வேண்டும். பரிபாஷையின் பொருளை வெளிப்படையாக எழுதி, மருந்துகளை ஆய்வுக்கு உட்படுத்தி, பயன்படுவதைக் கொண்டு தீங்கானதைத் தள்ளுதல் வேண்டும். ஏடெழுதிய எமது முன்னோருக்கு நாம் செய்யக்கூடிய மரியாதை இதுவே.