பீற்றாமக்ஸும் வீ.எச்.எஸ்.ஸும்: ஒரு தரமதிப்பீட்டின் மறுநோக்கு

இல்லப் பாவனைக்கான ஒளிநாடா முறைகளைப் பற்றி எழுதுவோர், சிறந்தது தோற்றது, தாழ்ந்தது வென்றது என்று கூறி அமைவது வழக்கம். சிறந்ததெனப்படுவது 1975இல் சொனி நிறுவனம் வெளியிட்ட பீற்றாமக்ஸ். வென்றது 1976இல் ஜே.வீ.சி. வெளியிட்ட வீ.எச்.எஸ். இக்கூற்று முற்றிலும் பொய்யன்று. ஆயினும், எவ்வேகத்தில் ஓடிய நாடா எதனோடு ஒப்பிடப்பட்டது என்னும் வினாவை எழுப்பாது இதனை ஏற்றல் ஆய்வுநெறி ஆகாது.

பீற்றாமக்ஸின் முதற் கருவிகள் ஒரு மணி நேரமே பதிவு செய்தன. அவ்வேகத்தில் அதன் கிடைத் தெளிவு ஏறத்தாழ 250 கோடுகள், வீ.எச்.எஸ்.ஸினது 240. சாதாரண தொலைக்காட்சிப் பெட்டியில் இவ்வேறுபாடு கண்ணுக்குப் புலப்படுதல் அரிது. எதிராளியின் இரண்டு மணி நேரத்துக்கு ஈடுகொடுக்கும் பொருட்டு 1977இல் சொனி நாடாவின் வேகத்தைப் பாதியாகக் குறைத்தபோது அச்சிறு மேன்மையும் பெரும்பாலும் கரைந்துபோயிற்று. முழுத் திரைப்படம் ஒரே நாடாவில் அடங்கவேண்டுமென விரும்பிய பாவனையாளரை அறியாதோர் எனப் பழிப்பது நியாயமன்று. படத்தரமே தனி அளவுகோலாயின், 400க்கு மேற்பட்ட கோடுகளைத் தந்த லேசர் தட்டு 1978இலேயே விற்பனைக்கு வந்துவிட்டது. அதிற் பதிவு செய்ய இயலாது என்பதே அதன் குறை. பீற்றாமக்ஸுக்காக இரங்குவோர் இதனைப் பேசுவதில்லை.

ஒலியின் நிலைமை இன்னும் கவனத்திற்குரியது. நாடாவின் ஓரத்திற் பதியும் ஒலியின் தரம் நாடா நகரும் வேகத்தைச் சார்ந்தது. சாதாரண ஒலிநாடாப் பேழை செக்கனுக்கு 4.76 சென்ரிமீற்றர் ஓடுவது. இலங்கையிற் கைக்கொள்ளப்பட்ட பால் ஒளிபரப்பு முறைக்குரிய கருவிகளில் வீ.எச்.எஸ். 2.34 சென்ரிமீற்றரும் பீற்றாமக்ஸ் 1.87 சென்ரிமீற்றருமே ஓடின. ஆகவே, படத்திற் சிறிது மேம்பட்ட முறை ஒலியிற் பின்தங்கும் இயல்புடையதாயிற்று. சுழலும் தலைகளாலேயே ஒலியையும் பதியும் 'ஹை-பை' முறை 1983 முதல் இக்குறையை நீக்கிற்று எனினும், அது எல்லாக் கருவிகளிலும் இடம்பெறவில்லை.

பழைய கூத்துகளையும் நாடகங்களையும் தாங்கிய நாடாக்களை எண்ணியல் வடிவுக்கு மாற்றுவோர் இவற்றை மனங்கொள்ளல் வேண்டும். பீற்றா என்னும் பெயர் கண்டு ஒன்றைத் தெரிந்து மற்றதை ஒதுக்குவது தவறு. படிக்குப் படி நிறம் கசியும், விளிம்பு மங்கும், இரைச்சல் பெருகும். மூன்றாம் படியான பீற்றாமக்ஸ் நாடாவிலும் மூலப்பதிவான வீ.எச்.எஸ். நாடாவே பெறுமதி கூடியது. எத்தனையாவது படி என்பதை உறையிற் குறித்துவைத்தோரோ மிகச் சிலர்.