ஆசிரியர் சரிதமும் மாணாக்கர் நடுநிலையும்

நன்மாணாக்கர் ஒருவர் தம் ஆசிரியருக்குச் சரிதம் எழுதப் புகுங்கால் எய்தும் இடர் பெரிது. உள்ளதனை உள்ளவாறே உரைப்பின் அது குருநிந்தையாய் முடியுமோ என்னும் அச்சம் ஒருபால். அன்பு மிகுதியால் இல்லதனை ஏற்றிக் கூறின் சரிதம் என்னும் பெயரே பொருந்தாதொழியும் என்னும் அச்சம் மற்றொருபால். மகாமகோபாத்தியாய டாக்டர் உ. வே. சாமிநாதையரவர்கள் இயற்றிய மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளையவர்கள் சரித்திரம் (முதற்பாகம் 1933, இரண்டாம் பாகம் 1934) இவ்விடரை யாங்ஙனம் கடந்தது என்பதே ஈண்டு ஆராய்தற்குரியது.

சிந்தாமணியையும் (1887) சிலப்பதிகாரத்தையும் (1892) மணிமேகலையையும் (1898) வெளியிட்ட பதிப்பாசிரியர் என்றே ஐயரவர்களை உலகம் பெரிதும் போற்றும். கனம் கிருஷ்ணையர், கோபாலகிருஷ்ண பாரதியார், மகாவைத்தியநாதையர், தியாகராச செட்டியார் முதலியோர் வரலாறுகளையும் எழுதியவர் அவரே என்பதைப் பலர் நினைப்பதில்லை. அவ்விரு தொழிலும் வேறல்ல. பிள்ளையவர்கள் தோன்றியது 1815. ஐயரவர்கள் அவரையடுத்தது 1871. ஆசிரியர் சிவபதம் எய்தியது 1876. ஆகவே கண்ணாரக் கண்டது ஐந்தாண்டிற்கும் குறைவே. ஏனைய ஏறத்தாழ ஐம்பத்தாறு ஆண்டுச் செய்திகளையும் உடன் பயின்றார், உறவினர், பழகினார் ஆகியோரை வினவியும், கடிதங்களையும் தனிப்பாடல்களையும் தேடியும் தொகுத்தார். ஏட்டுப் பிரதிகள் பலவற்றை ஒப்புநோக்கிப் பாடம் துணிந்த கையே ஈண்டும் வேலை செய்தது என்க.

இச்சரிதத்தின் சிறப்பு வறுமையை மறையாமையிற் காணப்படும். திருவாவடுதுறை ஆதீன வித்துவானாய் விளங்கி, தலபுராணங்கள் பலவற்றை ஏடெழுதுவார் கை சலிக்கப் பாடிய ஒருவர், மாணாக்கர்க்கு உணவும் இடமும் அளித்துக் கடனாளியாய் வருந்தினார் என்பதை ஐயரவர்கள் ஒளித்தாரல்லர். தண்டியலங்காரம் கற்ற பரதேசி ஒருவர் பிச்சைக்குச் செல்லும்போதெல்லாம் இளமையிற் பிள்ளையவர்கள் பின்தொடர்ந்து பாடங்கேட்டதையும் எழுதினார். புகழுரை மட்டுமே வேண்டுவார் இவற்றை விலக்கியிருப்பர். விலக்கியிருப்பின் அப்புலமை எத்துணை அருமையில் வந்தது என்பது நமக்குத் தெரிந்திராது.

ஆசிரியருக்கு முற்றும் இசைவல்லாத செய்தி வந்தவிடத்தே அவர்தம் நடுநிலை நன்கு புலனாகும். நந்தனார் சரித்திரக் கீர்த்தனைக்குச் சிறப்புப்பாயிரம் வேண்டிப் பாரதியார் பன்முறை வந்தும், சொற்பிழை மலிந்த நூலென்று பிள்ளையவர்கள் நாள் கடத்தினர். ஒருநாள் நண்பகலில் அவர் துயின்றுகொண்டிருக்கத் திண்ணையிலிருந்து பாரதியார் பாடினார். அவ்விசையில் உள்ளம் உருகிப் பின் பாயிரம் அளித்தார். இதனைக் கூறுமிடத்து ஐயரவர்கள் இருவருள் எவரையும் தாழ்த்திற்றிலர். ஆசிரியரது இலக்கணக் கடுமையும் உண்மை. பாரதியாரது பத்திச் சுவையும் உண்மை. தாம் பாரதியாரிடம் இசை பயின்றதனை ஆசிரியர் விரும்பாமையால் அதனை விடுத்ததனையும் பிறிதோரிடத்து, குறைகூறலின்றி எழுதியுள்ளார்.

இடையே ஒன்று கூறாமல் விடுதற்கில்லை. அக்கீர்த்தனையிற் காணும் கொடிய வேதிய ஆண்டை சேக்கிழார் திருவாக்கில் இல்லாதவர். ஆதனூர் நந்தனார் தம் பணிக்கென விடப்பட்ட நிலத்தின் உரிமையால் வாழ்ந்து, பேரிகைகளுக்குத் தோலும் வாரும், யாழுக்கு நரம்பும் உதவியவர் என்பதே புராணம். சொற்பிழையினும் இப்பொருட்பிழையே சைவர்க்குப் பெரிதாதல் வேண்டும். இதனைப் பாரதியார் வரலாறு இன்னும் வற்புறுத்தியிருக்கலாம்.

பிள்ளையவர்கள் சரிதத்திலும் குறை இல்லாமலில்லை. அரங்கேற்றமும் சம்மானமும் ஊர்தோறும் ஒன்றன்பின் ஒன்றாய் வருமிடத்துப் படிப்போர் களைப்புறுவர். ஆசிரியர் பாடல்களின் குணங்களை எடுத்தோதிய அளவிற்கு அவற்றை நிறுத்து ஆராய மாணாக்கர் மனம் ஒருப்படவில்லை. அது பிறர் செய்ய வேண்டியதாக நின்றது.

ஆயினும் இறுதிப் பகுதி ஒன்றே நூல் முழுமைக்கும் போதிய சான்றாம். திருவாவடுதுறையில் ஆசிரியர் நிலை தளர்ந்தபோது, கிறிஸ்தவராகிய மாணாக்கர் சவேரிநாத பிள்ளை அவரைத் தம் மார்பிற் சார்த்திக்கொண்டிருந்தார். ஐயரவர்கள் திருவாசகத்து அடைக்கலப்பத்தினை ஓதினார். சைவப்பெரும்புலவர் ஒருவரைத் தாங்கிய கை எச்சமயத்தது என்று கருதி அப்பெயரை மறைத்தல் எளிதாயிருந்தும், சரிதமெழுதியவர் அதனை உள்ளவாறே பொறித்துவைத்தார்.