நாயின் பல்லும் நம் கண்ணும்

ராஜபாளையம் நாய் விருதுநகர் மாவட்டத்தின் பெருமை. 2005-ஆம் ஆண்டில் இந்திய அஞ்சல் துறை அதற்கு அஞ்சல் தலையும் வெளியிட்டது. ஆனால் அதன் உதட்டைத் தூக்கி ஈறைப் பார்ப்பவர் எத்தனை பேர்? உலகச் சிறு விலங்கு மருத்துவர் சங்கத்தின் பல் மருத்துவ வழிகாட்டி (2020) இக்கேள்வியை எழுப்ப வைக்கிறது. நூறு பக்கங்களைத் தாண்டும் இந்நூல் மருத்துவர்களுக்கென எழுதப்பட்டதாயினும், நாய், பூனை வளர்ப்போரும் அறிய வேண்டிய செய்திகள் இதில் உள்ளன.

பல்லில் படியும் கிருமிப் படலம் சில நாட்களில் எச்சிலின் உப்புகளால் இறுகிக் காரையாகிறது. கண்ணில் படுவது இதுவே. நோயோ ஈறுக்கு அடியில் நடக்கிறது. அங்கே இறங்கும் கிருமிகளும் அவற்றை எதிர்த்து எழும் அழற்சியும் பல்லைத் தாங்கும் எலும்பை அழிக்கின்றன. பல்லுக்கும் ஈறுக்கும் இடையிலுள்ள பள்ளம் நாய்க்கு 3 மில்லிமீட்டர் வரையிலும், பூனைக்கு அரை மில்லிமீட்டர் வரையிலும் இருக்கலாம். அதற்கு மேல் ஆழமானால் நோய். இதை முறையாக அளக்க மயக்க மருந்து தேவை. மயக்கமின்றி மேற்காரையை மட்டும் சுரண்டுவதை நூல் வன்மையாக எதிர்க்கிறது. அது முற்றிலும் சரி. பல் வெளுக்கும்; நோய் உள்ளே வளரும்.

குறை ஒன்று உண்டு. இரண்டு வயதிற்குள் நாய்களில் 80 விழுக்காட்டிற்கும் பூனைகளில் 70 விழுக்காட்டிற்கும் ஈறு நோய் வருகிறது என்கிறது நூல். எப்படி அளந்த எண் இது? பிரிட்டனில் 22,000-க்கு மேற்பட்ட நாய்களின் 2016-ஆம் ஆண்டு மருத்துவக் குறிப்புகளில் ஏறத்தாழ எட்டில் ஒரு நாய்க்கே இந்நோய் பதிவாகியிருந்தது. மயக்கத்தில் வைத்துச் சோதித்த ஆய்வுகளிலோ 44 முதல் 100 விழுக்காடு வரை! அளக்கும் முறை மாறினால் எண்ணும் மாறுகிறது. இவ்வேறுபாட்டை முன்னிறுத்தியிருந்தால் நூலின் வாதமே வலுப்பெற்றிருக்கும். அதே பிரிட்டிஷ் ஆய்வில் நோய் மிகுந்த இனங்களுள் கிரேஹவுண்டும் ஒன்று. ராஜபாளையம் நாயும் அதைப் போன்ற நீள்முக வேட்டை நாயே. ஆகவே நீண்ட முகம் நோயைத் தடுக்கும் என்று இருந்துவிடலாகாது.

வீட்டாருக்கு வேண்டியது ஒரே பக்கம். வாய் நாற்றம், சிவந்த ஈறு, இரத்தக் கசிவு, ஒரு பக்கமாக மெல்லுதல் ஆகியவை அடையாளங்கள். சிவகாசிப் பக்கம் நாய் உணவை ஒதுக்கினால் வெடிச் சத்தத்தின் மேல் பழி போடுவது எளிது. வாயையும் மருத்துவரிடம் காட்டுங்கள். தினமும் மென்மையான தூரிகையால் பல் துலக்குவதே சிறந்த காப்பு. மனிதர் பற்பசை வேண்டாம். சிலவற்றிலுள்ள சைலிட்டால் நாய்க்கு நஞ்சு. கெட்டி எலும்பு பல்லை உடைக்கும்.

இன்னொன்று நம் நாட்டில் மறக்கக் கூடாதது. தாடை தொங்கி, எச்சில் வழிந்து, விழுங்க முடியாமல் தவிக்கும் நாயின் வாயில் கை வைக்காதீர்கள். அது வெறிநோயாக இருக்கலாம்.

இந்நூலின் சாரம் எளிய தமிழில் சிறு வெளியீடாக வந்து கால்நடை மருந்தகம்தோறும் கிடைக்குமாயின், அதுவே இதற்குச் செய்யும் நல்ல மதிப்புரை.