தியானத்துக்கு ஒரு கல்

தியானத்தைக் கதையாக்குவது எளிதல்ல. கண்மூடி அமர்ந்திருப்பவருக்குள் நடப்பது பக்கத்தில் இருப்பவருக்குத் தெரியாது; கதைக்கோ ஏதாவது நடந்தாக வேண்டும். இந்தச் சிக்கலுக்கு ஆங்கில மிகுபுனைவு கண்ட வழி, அமர்ந்திருப்பவர் கையில் ஒரு படிகத்தைக் கொடுத்துவிடுவது. மனத்தில் நிகழ்வது கல்லில் ஒளியாகவும் உருவமாகவும் தெரிந்துவிடும். அப்படிக் கொடுக்கப்பட்ட கற்களை வரிசையாகப் பார்த்தால், கதையைத் தாங்குவது கல்லின் ஆற்றல் அல்ல, அதற்கு ஆசிரியர் விதித்த கட்டுப்பாடு என்பது புலப்படுகிறது.

இந்தக் கற்பனைக்கு வரலாற்றில் முன்மாதிரி உண்டு. முதலாம் எலிசபெத் காலத்துக் கணித அறிஞர் ஜான் டீ, 1580களில் வானதூதர்களோடு உரையாடப் படிகங்களை நாடினார். அமர்வு பிரார்த்தனையோடு தொடங்கும். கல்லைப் பார்த்துச் சொல்பவர் எட்வர்ட் கெல்லி, எழுதிக்கொள்பவர் டீ. காண்பவர் ஒருவர், அதை நம்பிப் பதிபவர் இன்னொருவர்.

எச்.ஜி. வெல்ஸ் 1897இல் வெளியிட்ட ‘தி கிரிஸ்டல் எக்’ சிறுகதையிலும் இதே ஏற்பாடுதான். லண்டனில் பழம்பொருள் கடை நடத்தும் கேவ், முட்டை வடிவப் படிகமொன்றில் செவ்வாய்க் கிரகத்தைக் காண்கிறார். வேஸ் என்ற இளம் அறிவியலாளர் குறிப்பெடுக்கிறார். மந்திரம் எதுவும் கிடையாது. இருட்டு வேண்டும், பார்க்கும் கோணம் சரியாக இருக்க வேண்டும், அவ்வளவுதான். வீட்டில் நிம்மதியில்லாத கேவுக்கு அந்தக் கல்லே புகலிடமாகிறது. கடைசியில் அதைப் பற்றிய கையோடு இறந்து கிடக்கிறார். ஆறுதல் தரும் பொருளே ஆளை விழுங்கவும் கூடும் என்ற எச்சரிக்கை இந்த வகைக் கதைகளில் இவ்வளவு சீக்கிரமே வந்துவிட்டது.

டோல்கீனின் ‘தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்’ (1954–55) நாவலில் வரும் பலந்தீர் கற்கள் அதைவிட நுட்பமானவை. தொலைவைக் காட்டும், ஒரு கல்லை வைத்திருப்பவர் இன்னொரு கல்லுக்கு உரியவரோடு மனத்தாலேயே பேசலாம். மன உறுதி உள்ளவரால்தான் பார்வையை வேண்டிய திசைக்குத் திருப்ப முடியும். கல்லைப் பார்த்த ஆட்சியாளர் டெனதோருக்கு அது பொய்யைக் காட்டவில்லை. எதைப் பார்க்க விடுவது என்பதை அவருடைய பகைவன் சௌரோன் தேர்ந்தெடுத்தான். உண்மைக் காட்சிகளைக் கொண்டே அவரை நம்பிக்கையிழக்க வைத்தான். தெளிவாகப் பார்ப்பதும் சரியாகப் புரிந்துகொள்வதும் வேறுவேறு என்பதை வேறெந்தக் கல்லும் இவ்வளவு கூர்மையாகச் சொன்னதில்லை.

அடுத்த தலைமுறை, பார்வைக் கல்லை விட்டு உரிமைக் கல்லுக்கு நகர்ந்தது. மேரியன் சிம்மர் பிராட்லியின் டார்க்ஓவர் நாவல்களில் ஒவ்வொருவரின் மேட்ரிக்ஸ் கல்லும் அவருடைய மனத்தோடு இசைந்துவிடுகிறது. பிறர் தொட்டால் கல்லுக்குரியவர் துடித்துப்போவார். கோபுரங்களில் குழுவாக அமர்ந்து அதை இயக்கும்போது, மற்றவர்களின் மூச்சையும் இதயத் துடிப்பையும் கவனிக்கவே ஒருவர் இருப்பார். மனம் வெளியே போனாலும் உடல் இங்கேதான் இருக்கிறது என்பதை பிராட்லி மறக்கவில்லை. 1970இல் தொடங்கிய கேதரின் கர்ட்ஸின் டெரினி வரிசையில் வரும் ஷிரல் படிகம் மனத்தை ஒருமுகப்படுத்தும் துணை மட்டுமே. பயன் சிறியதாக இருப்பதால் நம்பும்படி இருக்கிறது.

‘ஸ்டார் வார்ஸ்’ உலகம் இவை எல்லாவற்றையும் ஒன்றுசேர்த்தது. 2012இல் ஒளிபரப்பான ‘தி கேதரிங்’ அத்தியாயத்தில் சிறுவர்கள் இலம் கோளின் பனிக்குகைக்குள் தங்கள் ஒளிவாளுக்கான கைபர் படிகத்தைத் தேடிப் போகிறார்கள். அவரவர் அச்சத்தையும் அவசரத்தையும் தாண்டினால்தான் கல் கிடைக்கும். அதே கல்லில் ஒருவன் தன் வெறியையும் வலியையும் செலுத்தினால் அது சிவந்துவிடும். ‘ரோக் ஒன்’ (2016) படத்தில் பேரரசு கைபர் படிகங்களைக் கொள்ளையிட்டு, கோள்களை அழிக்கும் ஆயுதத்துக்கு எரிபொருளாக்குகிறது. தியானக் கல் தன் பொருளை இழக்கும் இடமும் அதுதான். யாருடைய மனமும் தேவைப்படாதபோது அது வெறும் மின்கலம். பல கணினி விளையாட்டுகளில் வரும் படிகங்கள் இந்த நிலையில்தான் இருக்கின்றன: பொறுக்கினால் ஆற்றல் கூடும், தீர்ந்தால் அடுத்ததைத் தேடலாம்.

இந்திய யோக மரபில் படிகம் கருவியாக மட்டுமல்லாமல் உவமையாகவும் வருகிறது. பதஞ்சலியின் யோக சூத்திரம், அலைகள் அடங்கிய மனத்தைத் தூய மணிக்கு ஒப்பிடுகிறது; எது அருகில் இருக்கிறதோ அதன் சாயலை அது ஏற்கும். அங்கே கல்லாக ஆக வேண்டியது மனமே. மேலை மிகுபுனைவு அந்தக் கல்லை வெளியே எடுத்து வைத்தது. அதனால் காட்சியும் மோதலும் கிடைத்தன. கல்லைப் பெற்றதையே தேர்ச்சியாக எண்ணும் சோம்பலும் கூடவே வந்தது.

எனவே இனி இத்தகைய கல்லை எழுதப்போகிறவர், அது என்னென்ன செய்யும் என்ற பட்டியலோடு தொடங்க வேண்டியதில்லை. யாருக்கு அது பணியாது, பணிந்தால் பதிலுக்கு எதைக் கேட்கும் என்று முடிவு செய்தாலே பாதிக் கதை அமைந்துவிடும். கேவும் டெனதோரும் நம் நினைவில் நிற்பது அவர்கள் கல்லில் கண்டதால் அல்ல, அதற்குக் கொடுத்த விலையால்.